பாயில் காய்ந்த பனாட்டு

ஆவணி, புரட்டாதியிலே பனம்பழம் தொப்பென்று விழுகிறது. மாடு சூப்பினது போக மிச்சம் வடலிக்குள் கிடந்து அழுகுகிறது. ஒரு காலத்தில் யாழ்ப்பாணத்திலும் தீவுகளிலும் விடியமுன் எழும்பிப் பழம் பொறுக்கினார்கள்.

1850இல் பனையைப் பற்றி ஆங்கிலத்தில் நூல் எழுதிய வில்லியம் பெர்குசன், தீவுப்பகுதி மக்களுக்கும் குடாநாட்டு ஏழைகளுக்கும் வருடத்தில் பல மாதம் பனாட்டுத்தான் முக்கிய உணவு என்று குறித்திருக்கிறார். இன்றைக்குப் பிள்ளைகள் கடித்துத் திரிகிற தின்பண்டம், அன்றைக்குச் சோற்றுக்குச் சமம் பாருங்கோ.

பழத்தின் தோலை உரித்து, தண்ணீர் விட்டுப் பிசைந்து, தும்பு போக வடித்த களியைப் பரணில் விரித்த பனையோலைப் பாயில் மெல்லிசாய் ஊற்றுவார்கள். அது காய்ந்த பிறகுதான் அதன்மேல் அடுத்த களி. அவசரப்பட்டுக் கனமாய் ஊற்றினால் மேல் காயும், உள்ளே புளிக்கும். மழையும் பனியும் படக்கூடாது. ஐப்பசி மாரி இறங்கமுன் வேலை முடிய வேண்டும். வெயில் போனால் பழமும் போச்சு. காய்ந்ததை வெட்டிப் பனம்பாணியில் ஊறப்போட்டால் பாணிப்பனாட்டு. விதையையும் எறியவில்லை. பாத்தி போட்டுக் கிழங்கெடுத்து ஒடியல் காயவைத்தார்கள்.

கோதுமை மாவும் பாணும் மலிந்தபின் பாய் சுருண்டது. போர்க்காலத்தில் பதுங்குகுழிக்கென்று ஏராளம் பனைகள் தறிபட்டன. மிஞ்சின மரங்கள் இப்பவும் பழம் தருகின்றன. கைப்பக்குவம் தெரிந்த ஆச்சிமார்தான் குறைந்துபோனார்கள். உங்கள் வீட்டில் ஒருவர் இருந்தால், களியின் பதத்தை இந்தப் பருவத்திலேயே பக்கத்தில் இருந்து கேட்டு வையுங்கோ.