மண் சாய்த்த மது விடுதி

மேசைமீது ஒரு கோலிக்குண்டை வைக்கிறோம். அது மேடான பக்கத்தை நோக்கி உருண்டு ஏறுகிறது! புவியீர்ப்பு விதி இங்கு மட்டும் பொய்த்துவிட்டதா? இங்கிலாந்தில் ஸ்டாஃபோர்டுஷயர் மாவட்டத்தின் ஹிம்லி என்னும் ஊரருகே இருந்த ‘கோணல் வீடு’ என்ற மது விடுதியில், பல தலைமுறையினர் கண்டு வியந்த வேடிக்கை இது.

1765ஆம் ஆண்டில் செங்கல்லால் கட்டப்பட்ட பண்ணை வீடு அது. 19ஆம் நூற்றாண்டில் மது விடுதியாயிற்று. நில உரிமையாளரான கிளின் குடும்பத்தின் பெயரால் ‘கிளின் ஆர்ம்ஸ்’ என்று பெயர் பெற்றது. ஊர் மக்களோ அதைச் ‘சைடன் ஹவுஸ்’ என்றனர். அவர்கள் பேச்சு வழக்கில் ‘சைடன்’ என்றால் கோணல் என்று பொருள்.

கட்டியபோது நேராக நின்ற வீடு ஏன் சாய்ந்தது? விடை தரைக்கு அடியில் இருந்தது. அந்த வட்டாரத்து நிலக்கரிப் படுகை சில இடங்களில் 30 அடி கனமுள்ளது. கரியை வெட்டும்போது, கூரையைத் தாங்குவதற்காக ஆங்காங்கே கரித் தூண்களை விட்டுவைப்பார்கள். நாளடைவில் தூண்கள் நொறுங்க, மேலுள்ள பாறை அடுக்குகள் வளைந்து இறங்கும், தரையும் அமிழும். இவ்வாறு சுரங்க வேலையால் நிலம் அமிழ்ந்து, வீட்டின் ஒரு முனை மறு முனையைவிடச் சுமார் 4 அடி தாழ்ந்தது.

கோலிக்குண்டின் புதிருக்கும் விடை இதுவே. சுவர், கதவு, சன்னல் ஆகியவற்றைக் கொண்டே எது நேர், எது மட்டம் என்று நம் கண் முடிவு செய்கிறது. அவை எல்லாமே சாய்ந்திருந்தால், சரிவு மேடாகத் தோன்றும். கண் ஏமாறுகிறது, குண்டு ஏமாறுவதில்லை. அது பள்ளத்தை நோக்கியே ஓடுகிறது. நம் உட்செவியிலுள்ள சமநிலை உறுப்பும் உண்மையைச் சொல்கிறது. கண் ஒன்று சொல்ல, செவி வேறொன்று சொல்வதால்தான் அங்கு நுழைந்தவர்களுக்கு, ஒரு வாய் குடிக்கும் முன்பே தலை சுற்றியது!

1940களில், கட்டடம் ஆபத்தானது, இடிக்க வேண்டும் என்ற பேச்சு எழுந்தது. மதுவாலை நிறுவனமொன்று இரும்பு உத்திரங்களும் முட்டுச் சுவர்களும் கொடுத்து அதைக் காப்பாற்றியது. சாய்வை நிமிர்த்தவில்லை, மேலும் சாயாமல் நிறுத்தியது. அந்தக் கோணலே அதன் சிறப்பாயிற்று.

2023 ஆகஸ்டு 5ஆம் நாள் இரவு விடுதி தீப்பற்றி எரிந்தது. இரண்டே நாளில், எஞ்சிய சுவர்களும் இடிக்கப்பட்டன. மேல்தளத்தின் சில பகுதிகளை அகற்ற மட்டுமே இசைவு தந்ததாக வட்டார மன்றம் அறிவித்தது. இவ்வளவு புகழ் இருந்தும், சட்டம் காக்கும் வரலாற்றுக் கட்டடங்களின் பட்டியலில் அது இடம்பெற்றிருக்கவில்லை. மூன்று ஆண்டுகளுக்குள் பழையபடியே கட்டித் தரவேண்டும் என்று 2024 பிப்ரவரியில் மன்றம் ஆணையிட்டது. உரிமையாளர் தரப்பு மேல்முறையீடு செய்தது.

பழையபடி என்றால் கோணலாகவே கட்டவேண்டும்! மண் மெல்ல மெல்லச் செய்த வேலையைக் கொத்தனார் அளந்து அளந்து செய்யவேண்டும். சாய்ந்த சுவரை மீண்டும் எழுப்பிவிடலாம். ஆனால் அந்தப் பழைய சுவரின் சாய்வு, பூமிக்கடியில் கரி வெட்டியவர்களின் உழைப்பு நிலத்தின்மேல் பதித்த தடம். அதை எந்தக் கொத்தனாரால் திரும்பத் தர முடியும்?