பழி தேடிப் போன கப்பல்

கடலிலே தன் தோழனைச் சுறாவொன்றுக்குப் பறிகொடுத்த ஒருவன், அந்தச் சுறாவைத் தேடிக் கண்டு வெடிவைத்துக் கொல்லப் போவதாக அவை நடுவே சூளுரைக்கிறான். அதனால் அறிவியலுக்கு விளையும் பயன் யாதென்று கேள்வி எழுகின்றது. பழி தீர்த்தலே பயன் என்பது அவன் விடை. 2004ஆம் ஆண்டில் அமெரிக்க இயக்குநர் வெஸ் அண்டர்சன் ஆக்கிய நகைச்சுவைப் படமொன்று இவ்வாறு தொடங்குகின்றது. படத்தின் நாயகன் பெயர் ஸ்டீவ் சிஸ்ஸூ. அவனாக நடித்தவர் பில் மரே.

சிஸ்ஸூவின் தலையிலே சிவப்புக் கம்பளித் தொப்பி. அவன் ஏறிச் செல்வது பழைய போர்க்கப்பல். அவன் தொழில் கடலடி வாழ்வைப் படம்பிடித்தல். இம்மூன்றையும் ஒருங்கே கண்டவர்க்கு நினைவில் எழுபவர் பிரெஞ்சுக் கடலாய்வாளர் ஜாக் கூஸ்தோ. கூஸ்தோவின் கப்பல் ‘கலிப்சோ’. சிஸ்ஸூவின் கப்பல் ‘பெலஃபான்டே’. கலிப்சோ என்னும் மேற்கிந்தியப் பாடல்வகையை உலகறியப் பாடியவர் ஹாரி பெலஃபான்டே என்பதை அறிந்தோர்க்கு இந்தப் பெயர் விளையாட்டு இனிக்கும். படத்தின் முடிவிலே கூஸ்தோவின் நினைவுக்கு வணக்கமும் செலுத்தப்பட்டுள்ளது.

கூஸ்தோ 1910இற் பிறந்தவர். பிரெஞ்சுக் கடற்படையிற் பணியாற்றியவர். 1943இல் எமில் கஞ்ஞான் என்னும் பொறியியலாளரோடு சேர்ந்து அவர் ஒரு கருவியை அமைத்தார். முதுகிற் சுமந்த கலத்திலிருந்து, நீரின் அழுத்தத்துக்கு ஏற்ப மூச்சுக்காற்றை அளந்து தருவது அக்கருவி. கனத்த தலைக்கவசம் பூண்டு, குழாயினாற் கப்பலோடு பிணைக்கப்பட்டு ஆழத்தில் நடந்த மனிதனை அது மீன்போல நீந்த விட்டது.

கலிப்சோவின் கதையும் சுவையானதே. பிரித்தானியக் கடற்படைக்காக அமெரிக்காவிற் கட்டப்பட்டு, 1942இல் நீரில் இறக்கப்பட்ட கண்ணிவெடி அகற்றும் மரக்கப்பல் அது. போர் முடிந்தபின் மால்டாவிலே பயணிகளை ஏற்றி இறக்கியது. 1950இற் செல்வர் ஒருவர் அதனை வாங்கி, ஆண்டுக்கு ஒரே ஒரு பிராங்கு வாடகைக்குக் கூஸ்தோவிடம் ஒப்படைத்தார்.

அக்கப்பலிற் சென்று கூஸ்தோவும் லூயி மால் என்னும் இளைஞரும் இயக்கிய ‘மௌன உலகம்’ என்ற படம், 1956இற் கான் திரைப்பட விழாவின் தலையாய விருதைப் பெற்றது. ஆவணப் படத்துக்குரிய ஒஸ்கார் விருதும் அதற்குக் கிட்டியது. ஆழ்கடலின் வண்ணங்களைக் கண்டு உலகம் வியந்தது. ஆயின், இன்று பார்ப்போரைத் திடுக்குறச் செய்யும் காட்சிகளும் அப்படத்தில் உள. முருகைக்கற் பாரில் வாழும் மீன்வகைகளைக் கணக்கிட வேண்டி வெடிவைத்து, இறந்த மீன்களை அள்ளுகின்றனர். கப்பலை உந்தும் சுழலியில் அடிபட்டுத் திமிங்கிலக் குட்டியொன்று குருதி சிந்துகின்றது. குருதியை நாடி வந்த சுறாக்கள் அதனைக் கடித்துத் தின்கின்றன. மாலுமிகள் சினங்கொண்டு, அச்சுறாக்களைக் கொளுக்கியால் இழுத்தேற்றித் தளத்தின்மேல் வெட்டிச் சாய்க்கின்றனர். குட்டியை முதலிற் காயப்படுத்தியது தம் கப்பலே என்பது அந்தச் சினத்தில் மறைந்துபோயிற்று.

சுறாவைப் பழிவாங்கப் புறப்பட்ட சிஸ்ஸூவைப் பித்தன் என்று சிரிப்போர் இதனையும் எண்ணிப் பார்த்தல் தகும். அந்தப் பித்து, பல ஆண்டுகளுக்கு முன்பே கலிப்சோவின் தளத்தில் மெய்யாக அரங்கேறியதன்றோ!

கூஸ்தோ அந்த நிலையிலேயே நின்றுவிட்டாரல்லர். 1960இல் அணுக்கழிவை மத்தியதரைக் கடலிற் கொட்டும் திட்டத்தை எதிர்த்தார். 1973இற் கடலைக் காப்பதற்கெனத் தம் பெயரால் ஒரு சங்கம் நிறுவினார். தென்துருவக் கண்டத்திற் கனியம் அகழலாகாதென்று குரல் எழுப்பினார். 1991இல் மட்ரிட் நகரிற் கைச்சாத்தான உடன்படிக்கை அதற்குத் தடை விதித்தது. வெடிவைத்து மீனை எண்ணியவர், எண்ணுவதற்கு மீன் எஞ்சுமோ என்று கவலுறும் நிலைக்கு வந்தார்.

அவர் வாழ்விலே துயரும் இருந்தது. 1979இல் அவர் மகன் பிலிப், போர்த்துக்கலில் நிகழ்ந்த கடல்விமான விபத்தில் மாண்டார். 1996இற் சிங்கப்பூரிற் பாரப்படகொன்று மோதிக் கலிப்சோ மூழ்கியது. பின்னர் அது மீட்கப்பட்டது. அடுத்த ஆண்டிற் கூஸ்தோவும் மறைந்தார்.

திரையிலும் சிரிப்பினூடே இத்தகைய துயர் புகுகின்றது. தானே மகன் என்று சிஸ்ஸூவைத் தேடி வந்த இளைஞன், ஹெலிகொப்டர் கடலில் வீழ்ந்து இறக்கின்றான். பொருள் வற்றி, புகழ் தேய்ந்து, மைந்தனையும் இழந்த நிலையிலே, தன் கூட்டத்தார் அனைவரோடும் சிறியதொரு நீர்மூழ்கியில் நெருங்கி அமர்ந்து சிஸ்ஸூ ஆழத்துக்கு இறங்குகின்றான். அங்கே அந்தச் சுறா, உடலெல்லாம் புள்ளிகள் ஒளிர, அவர்கள் தலைக்கு மேலாக மெல்லக் கடந்து செல்கின்றது. தோழனை விழுங்கிய பகை அதுவே. எனினும் சிஸ்ஸூ அதனைக் கொல்லவில்லை. கண்ணீர் மல்கப் பார்த்தபடி இருக்கின்றான். அருகிலிருந்தோர் ஒவ்வொருவராக அவன்மேற் கை வைக்கின்றனர்.

கூஸ்தோவுக்குப் பல ஆண்டுகள் எடுத்த பயணத்தை, அவரைப் பார்த்துச் சிரிக்க வந்த படம் இரண்டு மணி நேரத்திற் சென்று முடிக்கின்றது. சுறா தன் வழியே போகின்றது. கப்பல் கரைக்குத் திரும்புகின்றது.