மரியன் டோஹர்ட்டியும் அமெரிக்கத் திரையில் நடிகர் தேர்வுத் தொழிலின் வளர்ச்சியும்

1930, 1940களின் ஹாலிவுட்டில் நடிகர் தேர்வு பெரும்பாலும் அலுவலக வேலையாகவே இருந்தது. நடிகர்கள் நீண்டகால ஒப்பந்தத்தில் வாரச் சம்பளம் வாங்கினர். வில்லன், கதாநாயகியின் தோழி, போலீஸ்காரர் என வகை பிரித்த பட்டியலைப் பார்த்து ஸ்டுடியோவின் தேர்வுப் பிரிவு ஆட்களை அனுப்பியது. பாரமவுண்ட் வழக்கில் 1948இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பால் ஸ்டுடியோக்கள் தங்கள் திரையரங்குகளைக் கைவிட நேர்ந்தது. தொலைக்காட்சியின் போட்டியும் சேர்ந்துகொள்ள, ஒப்பந்த முறை தளர்ந்தது. கதைக்கேற்ற நடிகரை வெளியே தேடிப் பிடிக்கும் தேவை அப்போதுதான் எழுந்தது.

அதற்கான பயிற்சிக்களம் ஹாலிவுட்டில் அல்ல, நியூயார்க்கில் அமைந்தது. 1947இல் தொடங்கிய 'கிராஃப்ட் டெலிவிஷன் தியேட்டர்' வாரந்தோறும் ஒரு மணி நேர நாடகத்தை நேரலையில் ஒளிபரப்பியது. பென்சில்வேனியாவில் 1923இல் பிறந்த மரியன் டோஹர்ட்டி அங்கே உதவியாளராகச் சேர்ந்து, பின்னர் தேர்வுப் பொறுப்பை ஏற்றார். வாராவாரம் புது நாடகம், புதுப் பாத்திரங்கள், சிறிய சம்பளம் என்ற நிலையில் பெரிய நட்சத்திரங்களை நாட வழியில்லை. நாடக மேடைகளில் இளைஞர்களைத் தேடுவதும், பார்த்த ஒவ்வொருவரைப் பற்றியும் அட்டையில் குறிப்பெழுதி வைப்பதும் அவரது வழக்கமாயின. ஜேம்ஸ் டீன், வாரன் பீட்டி போன்றோர் இவ்வழியே தொடக்க வாய்ப்புகளைப் பெற்றனர்.

1958இல் தொடங்கிய 'நேக்கட் சிட்டி', 1960இல் வந்த 'ரூட் 66' ஆகிய தொடர்கள் அவருக்கு இன்னும் பரந்த களத்தைத் தந்தன. நியூயார்க் தெருக்களிலேயே படமாக்கப்பட்ட 'நேக்கட் சிட்டி'க்கு ஒவ்வொரு வாரமும் நம்பத்தக்க முகங்கள் தேவைப்பட்டன. ராபர்ட் டுவால், டஸ்டின் ஹாஃப்மன் போன்றோர் அவற்றில் தோன்றினர். ஜான் வாய்ட் 'நேக்கட் சிட்டி'யில் நன்றாக நடிக்கவில்லை. ஆனாலும் 'மிட்நைட் கவ்பாய்' (1969) படத்துக்கு டோஹர்ட்டி அவர் பெயரை விடாமல் முன்வைத்தார். ஒரு நாள் நடிப்பு சரியில்லாமல் போவதையும் ஒருவரிடம் உள்ள திறமையையும் பிரித்தறிவதே இத்தொழிலின் உயிர்நாடி; அதற்கு இதைவிடத் தெளிவான சான்று அரிது.

1960களின் நடுவில் அவர் மன்ஹாட்டனில் சொந்த நிறுவனம் தொடங்கினார். அங்கே பணிபுரிந்தவர்களில் பலர் பெண்கள். செயலராகச் சேர்ந்த ஜூலியட் டெய்லர், பின்னர் 'டாக்ஸி டிரைவர்' (1976) படத்துக்கும் வூடி ஆலனின் பல படங்களுக்கும் நடிகர்களைத் தேர்ந்தெடுத்தார். அமெரிக்காவின் மேற்குக் கரையில் இதே காலத்தில் லின் ஸ்டால்மாஸ்டர் முன்னணித் தேர்வாளராக இருந்தார். டோஹர்ட்டி 1979இல் வார்னர் பிரதர்ஸில் பொறுப்பேற்றார். 'லெத்தல் வெப்பன்' (1987) திரைக்கதை முர்ட்டாக் பாத்திரத்தின் இனத்தைக் குறிப்பிடவில்லை. அவர் டேனி குளோவரைப் பரிந்துரைத்தார். இயக்குநர் ரிச்சர்ட் டோனர் முதலில் தயங்கியதைப் பின்னாளில் வெளிப்படையாக ஒப்புக்கொண்டார். பட்டியல் காலத்து வகைபிரிப்பை இத்தகைய தேர்வுகளே உடைத்தன.

பெயரும் மதிப்பும் மட்டும் மெதுவாகவே வந்தன. 'தி தாமஸ் கிரவுன் அஃபேர்' (1968) படத்தில் ஸ்டால்மாஸ்டருக்கும், 'ஸ்லாட்டர்ஹவுஸ் ஃபைவ்' (1972) படத்தில் டோஹர்ட்டிக்கும் திரையில் காட்டும் பெயர்களில் தனி அட்டை கிடைத்தது. 'மிட்நைட் கவ்பாய்' திரையில் டோஹர்ட்டியின் பெயரே இல்லை. 'காஸ்டிங் டைரக்டர்' என்ற பதவிப் பெயரில் உள்ள 'டைரக்டர்' என்ற சொல் இயக்குநருக்கே உரியது என்று இயக்குநர் சங்கம் வாதிட்டதும் ஒரு தடை. பெண்கள் மிகுந்த தொழிலை எழுத்தர் வேலையாகவே எண்ணிய மனப்போக்கையும் இதில் ஒதுக்கிவிட முடியாது. 1982இல் தேர்வாளர்கள் தமக்கென ஒரு சங்கம் அமைத்தனர். 2005இல் டீம்ஸ்டர்ஸ் தொழிற்சங்கத்தில் இணைந்தனர்.

டோஹர்ட்டிக்குக் கௌரவ ஆஸ்கர் வழங்கக் கோரி 1991இல் நடிகர்களும் இயக்குநர்களும் எழுதிய கடிதங்கள் பயன் தரவில்லை. 2011இல் அவர் காலமானார். அடுத்த ஆண்டு வெளிவந்த 'காஸ்டிங் பை' ஆவணப்படம் அவரது பணியைப் பொதுமக்களிடம் கொண்டுசென்றது. 2013இல் ஆஸ்கர் வழங்கும் அகாதமி தேர்வாளர்களுக்குத் தனிக் கிளை அமைத்தது. 2016இல் ஸ்டால்மாஸ்டர் கௌரவ ஆஸ்கர் பெற்றார், அது இத்தொழிலைச் சேர்ந்த ஒருவருக்குக் கிடைத்த முதல் ஆஸ்கர். பிரிட்டனின் பாஃப்டா 2020இல் தேர்வு விருதைத் தொடங்கியது. 2025இல் வெளியாகும் படங்களிலிருந்து போட்டிப் பிரிவாகத் தேர்வுக்கான ஆஸ்கர் விருதை வழங்குவதென 2024 பிப்ரவரியில் அகாதமி அறிவித்தது.