ஜப்தி உத்தரவுக்கு வயது எழுபது

2019 நவம்பர் 9 அன்று வந்த அயோத்தித் தீர்ப்பை எல்லாரையும் போல நானும் கடைசியிலிருந்துதான் படித்தேன். நிலம் யாருக்கு என்று தெரிந்ததும் மூடி வைத்துவிட்டேன். பிறகு முதலிலிருந்து வாசித்தபோது ஒரு இடத்தில் நின்றுபோனேன். 1949 டிசம்பர் 29 அன்று கூடுதல் நகர மாஜிஸ்திரேட் போட்ட ஓர் உத்தரவு அது.

குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145-வது பிரிவு சாதாரண வரப்புத் தகராறுக்கும் பயன்படுவதுதான். நிலத்துக்காக ரெண்டு தரப்பு அடித்துக்கொள்ளும் நிலை வந்தால் மாஜிஸ்திரேட் தலையிடலாம். சொந்தக்காரர் யார் என்பது அவர் வேலை இல்லை. இப்போது யார் சுவாதீனத்தில் இருக்கிறார், அவ்வளவுதான். அன்றைய சட்டப்படி, உத்தரவுக்கு முந்தைய 2 மாதத்துக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவர் இன்னும் உள்ளே இருப்பதாகவே கொள்ளலாம். அவசரம் என்றால் இடத்தை ஜப்தி செய்யலாம்.

1949 டிசம்பர் 22 இரவு பாபர் மசூதியின் நடுக் குவிமாடத்தின் கீழ் சிலைகள் வைக்கப்பட்டன. ஒரே வாரத்தில் ஜப்தி. அதுவரை தங்கள் சுவாதீனம் என்றது முஸ்லிம் தரப்பு. என்றைக்குமே தங்களுடையது என்றது நிர்மோகி அகாடா. யார் சொல்வது சரி? அந்த 2 மாத விதி இந்த மாதிரிக் கேள்விக்காகவே எழுதப்பட்டது. ஆனால் மாஜிஸ்திரேட் கடைசிவரை பதில் சொல்லவில்லை. 1950 ஜனவரி 5 அன்று ரிசீவர் பொறுப்பேற்றார். அதே மாதம் சிவில் கோர்ட், சிலைகளை அகற்றக் கூடாது என்று தடை போட்டது. 1953 ஜூலையில், சிவில் வழக்கு நடக்கிறதே என்று மாஜிஸ்திரேட் தன் கோப்பைப் பதிவறைக்கு அனுப்பினார். ஜப்தி மட்டும் அப்படியே நின்றது.

இதை எதிர்க்க வேண்டுமானால் சிவில் வழக்குதான் வழி. அதற்குக் காலக்கெடு உண்டு. நிர்மோகி அகாடா, ரிசீவரிடமிருந்து நிர்வாகத்தைத் தங்களிடம் தரச்சொல்லி 1959 டிசம்பர் 17 அன்று வழக்குப் போட்டது. மாஜிஸ்திரேட் இறுதி உத்தரவே போடவில்லையே, கெடு எப்படி முடியும் என்று வாதாடியது. உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. கெடு 6 வருஷம், வழக்கு தாமதம். சன்னி வக்ஃப் வாரியம் வந்தது 1961 டிசம்பர் 18 அன்று. அதற்கான கெடு 12 வருஷம். முடியச் சில நாட்களே இருந்தன. அது செல்லும் என்றார்கள்.

வெளியேற்றம் சட்டவிரோதம் என்றும் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1949-ல் வாரங்களில் முடித்திருக்கக்கூடிய கேள்விக்குப் பதில் வரும்போது எழுபது வருஷம் ஓடியிருந்தது. 1992-ல் கட்டிடமே இடிக்கப்பட்டுவிட்டது. நிலம் கோயிலுக்கு, வேறிடத்தில் 5 ஏக்கர் வாரியத்துக்கு என்று தீர்ப்பானது.

என் தொழிலில் 'டெம்பரரி' என்று குறிப்பெழுதிய கோடுதான் பல வருஷம் ஓடும். எழுதியவர் வேலை மாறிப் போயிருப்பார், மேலே அடுக்கடுக்காய் மற்றது கட்டப்பட்டிருக்கும். இந்த உத்தரவைப் படித்தபோது அந்த எரிச்சல்தான் வந்தது. ஆனால் இங்கே கீழே கிடந்தது மனுஷங்க வாழ்க்கை.

2024 ஜூலை முதல் 145-வது பிரிவு புதிய சட்டத்தில் 164 ஆகிவிட்டது. 2 மாத விதி அதிலும் இருக்கிறது. ஜப்தி ஆகிவிட்டது, மாஜிஸ்திரேட் பார்த்துக்கொள்வார் என்று வீட்டில் காத்திருப்பவர்கள் இன்றும் இருப்பார்கள். அவர்களுக்கும் காலக்கெடு ஓடிக்கொண்டுதான் இருக்கும்.