பாடும் வாதமும்

பழவேற்காட்டு ஏரியில் எவர், எந்நாளில், எவ்விடத்தில் வலையிடுவது என்பதைப் ‘பாடு’ என்னும் முறை நெடுங்காலமாக வகுத்து வந்துள்ளது. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர் மாதாகுப்பம் ஆகிய ஊர்களின் தலைக்கட்டுக்காரர்கள் கூடிச் சீட்டெடுத்து முறை அமைப்பர். பிணக்கு எழுமாயின் அது ஊர்க்கூட்டத்தில் பேசித் தீர்க்கப்படும். பேசுவோரும் கேட்போரும் ஒரே நீரை நம்பி வாழ்பவர்கள். ஆதலின், ஊரில் வாழவேண்டியவர் அக்கூட்டத்தைத் தவிர்ப்பது எளிதன்று.

நாடாள விழைவோரும் இவ்வாறு மக்கள்முன் எதிரெதிர் நின்று பேசும் வாய்ப்பைத் தொலைக்காட்சி அளித்தது. அமெரிக்கக் குடியரசுத் தலைவர் தேர்தலில் போட்டியிட்ட கென்னடியும் நிக்சனும் 1960 செப்டம்பர் 26 அன்று சிகாகோவில் வாதிட்டனர். ஏறத்தாழ 7 கோடிப் பேர் அதனைக் கண்டனர். நோயினின்று தேறியிருந்த நிக்சனின் வாடிய முகம், அவர்தம் வாதத்தினும் மிகுதியாகப் பேசப்பட்டது. பின்னர் 1964இல் ஜான்சனும், 1968, 1972 தேர்தல்களில் நிக்சனும் வாதத்திற்கு இசையவில்லை. 16 ஆண்டுகள் கழித்து 1976இல்தான் அவ்வழக்கம் மீண்டது. 2024 ஜூன் 27 அன்று வாதத்தில் தடுமாறிய பைடன், ஜூலை 21இல் போட்டியினின்றே விலகினார்.

இந்தியாவில் குடியரசுத் தலைவரை மக்கள் நேரே தேர்ந்தெடுப்பதில்லை. நாடாளுமன்ற, சட்டமன்றங்களின் தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களே வாக்களிப்பர். எனவே, இங்கு அமெரிக்க வாதத்திற்கு ஒப்பானது தலைமை அமைச்சர் பதவியை நாடுவோரின் வாதமே. 2024 மே மாதத்தில் ஓய்வுபெற்ற நீதிபதிகள் மதன் லோகுர், ஏ.பி. ஷா ஆகியோரும் சென்னை இதழாளர் என். ராமும் நரேந்திர மோடியையும் ராகுல் காந்தியையும் பொதுவாதத்திற்கு அழைத்தனர். ராகுல் காந்தி இசைந்தார்; எனினும் வாதம் நிகழவில்லை.

பாட்டு முறையைக் குறையற்றதெனப் போற்றுதலும் பொருந்தாது. அதன் உரிமை ஆடவர்க்கே உரியது. பெண்டிர்க்கும் பிற குலத்தார்க்கும் அதில் இடமில்லை. திரையோ அக்கதவைத் திறந்தது. 2016 செப்டம்பர் 26 அன்று ஹிலாரி கிளின்டன் வேட்பாளராக நின்று வாதிட்டதை உலகெங்கும் பெண்கள் கண்டனர். ஆயினும், வர மறுப்பவரை அழைத்து நிறுத்தும் ஆற்றல் திரைக்கு இல்லை. அனைவரையும் அமரவைக்கும் திரையின் விரிவும், எவரையும் விடை கூறவைக்கும் ஊர்க்கூட்டத்தின் உறுதியும் ஒருங்கே அமையும் நாளில்தான் வாக்காளர் கேள்விக்கு முழு மதிப்புக் கிட்டும்.