மாலியின் சன்னல்: கெர்ட்ரூட் பெர்க் குறித்து ஒரு மறுவாசிப்பு

கெர்ட்ரூட் பெர்கைப் பற்றிப் பேசும்போது ஜார்ஜ் லிப்சிட்ஸ் 1986-இல் எழுதிய கட்டுரையைத் தவிர்க்க முடியாது. அமெரிக்கத் தொலைக்காட்சியின் தொடக்ககாலக் குடும்பத் தொடர்களை ஆராய்ந்த கட்டுரை அது. உழைக்கும் குடியேறிகளின் பழைய வாழ்வுமீது மக்களுக்கிருந்த மதிப்பைக் கடன் வாங்கி, போருக்குப் பிந்திய நுகர்வுப் பண்பாட்டுக்கு அத்தொடர்கள் நற்சான்று வழங்கின என்பது அவர் வாதம். பெர்க் எழுதி, குடும்பத் தலைவி மாலியாக நடித்த 'தி கோல்ட்பெர்க்ஸ்' தொடரின் பகுதி ஒன்றை அவர் சான்றாக்குகிறார். வருங்கால மருமகள் தவணையில் சலவை இயந்திரம் வாங்க நினைக்கிறாள். கையில் காசில்லாமல் எதையும் வாங்கிப் பழகாத மாலி கோல்ட்பெர்க் அதை எதிர்க்கிறாள். கடைசியில் வரவுக்கு மீறி வாழ்வதே அமெரிக்க வழி என்று இறங்கி வருகிறாள். லிப்சிட்ஸ் ஒற்றைத் தீர்ப்போடு நிறுத்திக்கொள்பவர் அல்லர். தொடருக்குள் இருந்த முரண்களையும் எடுத்துக்காட்டுகிறார். ஆனாலும் அவர் கணக்கு தொலைக்காட்சியிலிருந்து தொடங்குகிறது. என் மறுப்பு அங்கேதான்.

தொலைக்காட்சி வந்தபோது மாலிக்கு ஏறத்தாழ இருபது வயது. 1929 நவம்பர் 20 அன்று, பங்குச் சந்தை சரிந்த சில வாரங்களில், என்.பி.சி. வானொலியில் அவள் பிறந்தாள். எழுதியவரும் நடித்தவரும் பெர்க்தான். 1931-இல் பெப்சோடென்ட் பற்பசை நிறுவனம் வரும்வரை அத்தொடருக்கு விளம்பரதாரரே இல்லை. பெர்க் பிறந்த ஆண்டை 1898 என்று சிலரும் 1899 என்று சிலரும் குறிக்கிறார்கள். இந்த ஆய்வுக்கு அது தடையில்லை.

சி.பி.எஸ். தொலைக்காட்சியில் 1949 ஜனவரியில் தொடர் தொடங்கியது. நேரலையாகப் போன அக்காலப் பகுதிகளில், திரையிலிருந்தே படம்பிடித்து வைத்த பதிவுகள் சில எஞ்சியுள்ளன. அவற்றில் மாலி அடுக்கக வீட்டுச் சன்னலில் கைகளை ஊன்றிச் சாய்ந்தபடி, அண்டை வீட்டுக்காரியிடம் பேசுவதுபோல் நேரே நம்மிடம் பேசுகிறாள். பேச்சு மெல்ல ஜெனரல் ஃபுட்ஸ் நிறுவனத்தின் சாங்கா காபிப் பக்கம் திரும்புகிறது. அதில் காஃபீனை எடுத்துவிட்டார்கள், ஆகவே தூக்கம் கெடாது என்கிறாள். சன்னல் விளிம்பில் செடி வளர்வதும் சாங்கா டப்பாவில்தான். பேசி முடித்ததும் அப்படியே உள்ளே திரும்புகிறாள், கதை தொடங்கிவிடுகிறது. விளம்பரத்துக்கும் கதைக்கும் நடுவே திரைகூட இல்லை. லிப்சிட்ஸின் வாதத்துக்கு இதைவிட வலுவான சான்று கிடைக்காது.

ஆனால் அந்தச் சன்னல் சாங்காவுக்காகக் கட்டப்பட்டதன்று. அண்டை வீட்டாரைச் சன்னல் வழியே கூவி அழைப்பது வானொலி மாலியின் பழக்கம். 1939 ஏப்ரல் 3 அன்று ஒலிபரப்பான பகுதியில், யூதரான கோல்ட்பெர்க் குடும்பத்தின் பாஸ்கா இரவு விருந்தின் நடுவே சன்னலை உடைத்துக்கொண்டு ஒரு கல் வந்து விழுகிறது. ஜெர்மனியில் யூதர் கடைகளும் தொழுகைக்கூடங்களும் நொறுக்கப்பட்டு ஐந்து மாதமே ஆகியிருந்த நேரம். அப்போதும் தொடருக்கு விளம்பரதாரர் உண்டு. அந்த நிறுவனத்தின் செலவில்தான் அமெரிக்க வீடுகளுக்குள் அந்தக் கல் வந்து விழுந்தது. சன்னல் முதலில் அக்கம்பக்கத்தின் வாசல், பிறகு அச்சத்தின் வாசல், அதற்குப் பிறகே விளம்பர மேடை என்று இந்த வளர்ச்சியை வரிசைப்படுத்துகிறேன். இடைப்பட்ட கண்ணிகள் எல்லாம் கையில் இல்லை. ஆயினும் வரிசையைத் தலைகீழாக்க எந்தச் சான்றும் இல்லை.

மேடை இன்னொரு சோதனைக்களம். 1948 பிப்ரவரியில் பிராட்வேயின் பெலாஸ்கோ அரங்கில் பெர்க் எழுதி நடித்த 'மீ அண்ட் மாலி' அரங்கேறியது. காபி விற்க வேண்டிய தேவை அங்கே இல்லை. கணவன் ஜேக் சொந்தத் தொழில் தொடங்குவதும் மகளுக்கு ஒரு பியானோ வாங்குவதும்தான் கவலை. பொருள்மீதான ஆசை இங்கும் இருக்கிறதே என்று லிப்சிட்ஸ் தரப்பில் கேட்கலாம். இருக்கிறது. அந்த ஆசையை விளம்பரதாரர் கொண்டுவந்து நடவில்லை என்பதே என் வாதம்.

தொலைக்காட்சியில் ஜேக்காக நடித்தவர் ஃபிலிப் லோப், நடிகர் சங்கத்தில் முனைப்பாக இயங்கியவர். 1950 ஜூனில் வெளியான 'ரெட் சேனல்ஸ்' கம்யூனிஸ்ட் ஆதரவாளர்கள் என 151 பேரைப் பட்டியலிட்டது. அதில் அவர் பெயரும் இருந்தது. அவரை நீக்கச் சொன்னது ஜெனரல் ஃபுட்ஸ். பெர்க் மறுத்தார். 1951 தொடக்கத்தில் சிறந்த நடிகைக்கான எம்மி விருது பெற்றவரின் தொடரை அதே ஆண்டு சி.பி.எஸ். கைவிட்டது. 1952-இல் என்.பி.சி.யில் அது மீண்டபோது லோப் இல்லை. 1955 செப்டம்பர் 1 அன்று நியூயார்க் விடுதி ஒன்றில் அவர் தற்கொலை செய்துகொண்டார். பெர்க் இறுதியில் பணிந்தார் என்பது உண்மை. ஆனால் விளம்பரதாரரின் ஊதுகுழல் மட்டுமாக இருந்திருந்தால், பணிவதற்கு முன் தொடரையே பணயம் வைத்திருக்க மாட்டார்.

பெர்க் பிறகு மேடைக்கே திரும்பினார். 1959-இல் 'எ மெஜாரிட்டி ஆஃப் ஒன்' நாடகத்தில், போரில் மகனைப் பறிகொடுத்து, ஜப்பானியர் ஒருவரோடு நட்புக்கொள்ளும் புரூக்ளின் விதவையாக நடித்தார். 556 காட்சிகள் ஓடிய அந்நாடகம் அவருக்கு டோனி விருது தந்தது. 1961-இல் அது திரைப்படமானபோது அவ்வேடம் ரோசலிண்ட் ரஸ்ஸலுக்குப் போனது. பெர்க் 1966 செப்டம்பர் 14 அன்று காலமானார். அவருடைய ஆவணங்கள் சிரக்கியூஸ் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. மாலியைப் பற்றி இனி எழுதுவோர் அங்குள்ள வானொலிப் பிரதிகளைப் படித்துவிட்டுத் தொலைக்காட்சிப் பதிவுகளுக்கு வர வேண்டும்.