உம்மாமாரும் கப்பலிலா வந்தார்கள்?

எமது பாடசாலையின் அனுமதிப் பதிவேட்டில் 'இனம்' என்ற நிரலில் 'இலங்கைச் சோனகர்' என்றும், அடுத்த நிரலில் 'தாய்மொழி: தமிழ்' என்றும் வருடாவருடம் எழுதி வருகிறேன். ஒரு நாள் மாணவன் ஒருவன் கேட்டான்: "சேர், தமிழ் பேசுறம், ஆனா தமிழர் இல்லயாம். அப்ப நாம ஆரு?" நல்ல வேளையாக மணி அடித்துவிட்டது.

இது பழைய வழக்கு. இலங்கைச் சோனகர் இனத்தால் தமிழரே, மதத்தால் மட்டும் வேறுபட்டவர் என 1885இல் சட்டநிரூபண சபையில் பேசிய பொன். இராமநாதன், 1888இல் றோயல் ஆசியக் கழகத்தின் இலங்கைக் கிளையில் அதைக் கட்டுரையாகவே வாசித்தார். முஸ்லிம்களுக்குத் தனியான நியமன உறுப்பினர் தேவையா என்ற வினா எழுந்திருந்த காலம் அது. 1889இல் எம்.சி. அப்துல் ரஹ்மான் நியமிக்கப்பட்டார். ஐ.எல்.எம். அப்துல் அஸீஸ் 1907இல் இராமநாதனுக்கு எழுதிய மறுப்பு, எமது மூதாதையர் அரபிகள் என நிறுவ முயன்றது. தமிழ் பேசும் இருவரும் ஆங்கிலத்திலேயே வழக்காடினர் என்பது வேறு கதை.

அந்த மறுப்பு அன்று அவசியமாயிருந்தது. வேறொருவர் எம்மை வரையறுக்க, நாம் வாய்மூடியிருக்க முடியாது. மொழி ஒன்றே எம்மைக் காக்கும் என்றும் நான் சொல்லமாட்டேன். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது அவர்கள் பேசிய தமிழ் அவர்களைக் காப்பாற்றவில்லை.

ஆயினும் மறுப்பாகப் பிறந்த ஒன்று முழு வரலாறாக மாறியபோதுதான் தவறு நேர்ந்தது. ஆசிரியர் கலாசாலையில் படித்த காலத்தில், ஊர் மீலாத் விழா மேடையில் அரபுக் கப்பல்களைப் பற்றி நான் முழங்கினேன். வீட்டுக்கு வந்ததும் உம்மா கேட்டா: "வாப்பாமார் கப்பல்ல வந்தாங்க, சரி. உம்மாமாரும் கப்பல்லயா வந்த?"

கிழக்கில் எமது குடி தாய்வழியில் வருவது. என் குடி உம்மாவின் குடி. பள்ளிவாசல் மரைக்காயர்மாரும் குடிவழியாகவே தெரிவாகி வந்தனர். மாப்பிள்ளை பெண்வீட்டுக்குப் போகிறார். அயலிலுள்ள தமிழ்க் கிராமங்களிலும் இதே தாய்வழிக் குடிமுறை உண்டு. தந்தைவழி அரபு மரபை மட்டும் வரலாறாக எழுதியபோது, எங்களுக்குக் குடி தந்த பெண்கள் அதிலிருந்து வெளியேறிவிட்டார்கள். இராமநாதனோ மறுபுறமாக எமது வாப்பாமாரின் கடலைச் சுருக்கப் பார்த்தார்.

சித்திலெப்பை 1885இல் எழுதிய 'அசன்பே சரித்திர'த்தின் நாயகன் எகிப்தில் பிறந்தவன், நூலின் மொழியோ தமிழ். அவருக்கு அதில் எந்தச் சங்கடமும் இருந்ததாகத் தெரியவில்லை.

அந்த மாணவன் இப்போது தரம் பத்தில் இருக்கிறான். அடுத்த தவணையில் இராமநாதனின் வாதத்தையும் அஸீஸின் மறுப்பையும் அருகருகே வைத்துப் படிப்பிக்க எண்ணியிருக்கிறேன். உம்மாவின் கேள்வியையும் கரும்பலகையில் எழுதுவேன்.